ஏழாவது பத்திக்குப் பதில்

வலது கை காகிதக் கட்டை மேசைமேல் செங்குத்தாக நிறுத்தி, தட்டித் தட்டி ஓரத்தை நேராக்கியது. அதற்குள் இடது கை பஞ்சிங் மெஷினை அருகே இழுத்து வைத்திருந்தது. ஒரே அழுத்தில் இரண்டு துளை. வெள்ளை டேக்கின் தகர முனை ஒரு துளையில் புகுந்து, அடுத்த துளையில் தலைகாட்டியது. ஈரப் பஞ்சில் ஆள்காட்டி விரல் ஒரு தொடு தொட்டுக்கொண்டது. பிறகு சிவப்புப் பென்சில் ஒவ்வொரு தாளின் வலது மேல் மூலையிலும் எண் போட்டு, எண்ணைச் சுற்றி வட்டம் போட்டது. இட்லித் தட்டில் வார்த்து எடுத்ததுபோல எல்லா வட்டமும் ஒரே அளவு.

முதல் பக்கத்து வட்டம் மட்டும் கொஞ்சம் கோணியிருந்தது. காரணம் அதே பக்கத்தில் அச்சாகியிருந்தது. மனுதாரர் என்ற சொல்லுக்கு எதிரே இருந்த பெயர், அந்தக் கைகளுக்கு உரியவருடையது. எதிர்மனுதாரர், அவர் உட்கார்ந்திருந்த அதே அலுவலகம். அலுவலகத்தின் சார்பில் பதில் எழுத வேண்டியவர் யாரென்று பார்த்தால், மறுபடியும் அவரே.

அலுவலகத்தில் அவரைப் பத்திவாரியம்மா என்பார்கள். யாராவது அலுவலகத்தின்மேல் வழக்குப் போட்டால், மனுவில் உள்ள ஒவ்வொரு பத்திக்கும் ஒரு பதில் எழுதி அரசு வக்கீலுக்கு அனுப்ப வேண்டும். மேலிடத்திலிருந்து வரும் கடிதங்களில் 'பத்திவாரியாகக் குறிப்புரை அனுப்புக' என்றிருக்கும். அதை ஒழுங்காகச் செய்யத் தெரிந்தவர் அந்த மூன்று மாடிக் கட்டடத்தில் அவர் ஒருவர்தான். இருபத்துமூன்று வயதில் டைப்பிஸ்டாகச் சேர்ந்தவர். சாப்பாட்டு நேரத்தில் மற்றவர்கள் கதை பேச, இவர் பழைய வழக்குக் கட்டுகளைப் பிரித்துப் படித்துக்கொண்டிருப்பார். யாரும் சொல்லித்தரவில்லை. எந்தப் பதிலைக் கோர்ட் ஒத்துக்கொண்டது, எதைக் கிழித்துத் தொங்கவிட்டது என்று பார்த்துப் பார்த்துத் தானாகவே ஒரு சட்டம் போட்டுக்கொண்டார். பக்க எண் இல்லாமல் எதையும் மறுக்கக்கூடாது. "மறுக்கிறோம்னு எழுத பேனா போதும். ஏன் மறுக்கிறோம்னு எழுத பக்கம் வேணும்" என்பார். 'நிர்வாகக் காரணங்களால் தாமதம் ஏற்பட்டது' என்று யாராவது எழுதிக்கொண்டு வந்தால், அது என்ன காரணம், கோப்பில் எந்தப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறது என்று கேட்டே ஆளை ஒரு வழி பண்ணிவிடுவார்.

பதவி உயர்வு தாமதமானதென்று மற்றவர்கள் போட்ட வழக்குகளுக்கு மட்டும் நாற்பத்தாறு பதில் எழுதியிருக்கிறார். நாற்பத்தேழாவது, அவருடைய சொந்தத் தாமதம்.

அந்தத் தாமதத்துக்கு மூலகாரணம் ஒரு பீரோ. ஒன்பது வருடத்துக்கு முன்னால் அலுவலகம் பழைய கட்டடத்தை விட்டு இந்தக் கட்டடத்துக்கு மாறியது. சாமான் ஏற்றும்போது கணக்கெடுத்துக் கையெழுத்துப் போட்டவர் பத்திவாரியம்மா. பதினெட்டு இரும்பு பீரோ ஏறின. இறங்கியவை பதினேழு. லாரி எங்கேயும் நிற்கவில்லை, யாரும் குதித்து ஓடவில்லை. ஐந்தரை அடி உயரப் பீரோவை இவர் என்ன, கைப்பைக்குள் போட்டுக்கொண்டா போயிருப்பார்? ஆனாலும் கையெழுத்து இவருடையது, ஆகவே ஒழுங்கு நடவடிக்கை மெமோவும் இவருக்கு.

வேடிக்கை என்னவென்றால், பீரோ எங்கே என்று ஒரு வாரத்திலேயே எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. தரைத்தளத்தில் இருந்த வேறொரு துறை அலுவலகம் அதை இறங்கிய சூட்டோடு உள்ளே தள்ளிக்கொண்டு போய்த் தன் இருப்புப் பதிவேட்டில் ஏற்றிவிட்டது. கேட்டால், திருப்பிக் கொடுத்தால் எங்கள் கணக்கில் ஒரு பீரோ குறையும், அப்புறம் எங்களில் ஒருத்தருக்கு மெமோ வரும் என்றார்கள். அதுவும் நியாயமாகத்தான் பட்டது. பத்திவாரியம்மா தினமும் படியேறும்போது, திறந்த கதவு வழியாக அந்தப் பீரோவை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போவார். சண்டை போட்டுக்கொண்டு தனிக்குடித்தனம் போன சொந்தக்காரரைப் பார்ப்பதுபோல இருக்கும் அந்தப் பார்வை.

மெமோ நிலுவையில் இருந்தால் பதவி உயர்வு கிடையாது. வருடா வருடம் கண்காணிப்பாளர் பதவிக்குப் பட்டியல் போடுவார்கள். வருடா வருடம் இவர் பெயருக்கு எதிரே 'பரிசீலனை தள்ளிவைக்கப்படுகிறது' என்று எழுதுவார்கள். எட்டுப் பட்டியல், எட்டுத் தள்ளல். இவருக்கு நாலு வருடம் கழித்துச் சேர்ந்தவர் கண்காணிப்பாளராகி, இவருடைய பிரிவுக்கே தலைவராக வந்து உட்கார்ந்தார். முதல் நாள் எந்தப் பக்கம் திரும்பி உட்காருவது என்று தெரியாமல் நாற்காலியையே மூன்று தடவை நகர்த்தினார் மனிதர். பத்திவாரியம்மா அவரைச் சார் என்றார். அவர் இவரை அக்கா என்றார். அப்படியே நாலு வருடம் ஓடியது.

அடுத்த மாதம் கடைசி நாளோடு பத்திவாரியம்மாவுக்கு ஓய்வு. ஒரே ஒரு நாளாவது கண்காணிப்பாளர் என்று பலகை வைத்த மேசைக்குப் பின்னால் உட்கார்ந்துவிட்டுப் போக வேண்டும் என்பது அவருடைய ஆசை. வெளியே யாரிடமும் சொன்னதில்லை. வீட்டில் மட்டும் ஒரு நாள் வாய் தவறி விழுந்துவிட்டது. அவருடைய நாத்தனார் மகள் வக்கீல். கோர்ட்டில் கால் வைத்து மூன்று வருடம்தான் ஆகிறது, வாயைப் பார்த்தால் முப்பது வருடம் என்பார்கள். கேட்ட ராத்திரியே வக்காலத்தில் கையெழுத்தை மட்டும் வாங்கிக்கொண்டு போனவள், மறுநாளே வழக்கைத் தாக்கல் செய்துவிட்டு வந்துதான் தகவலே சொன்னாள். கோர்ட், அலுவலகம் இரண்டு வாரத்தில் பதில் தாக்கல் செய்ய வேண்டும் என்றது.

நோட்டீஸ் அலுவலகத்துக்கு வந்தது. தபாலில் இருந்து இயக்குநர் மேசைக்குப் போனது. இயக்குநர் எட்டு மாதத்துக்கு முன்னால் வந்தவர், எல்லோருக்கும் அவர் மேடம். ஒரே நேரத்தில் இரண்டு போனில் பேசிக்கொண்டே மூன்றாவது கோப்பில் கையெழுத்துப் போடக்கூடியவர். 'வழக்கு சீட், உடன் நடவடிக்கை' என்று கிறுக்கி அனுப்பினார். வழக்கு சீட் என்றால் பத்திவாரியம்மா. அவர் முறைப்படி ஒரு குறிப்பு எழுதி மேலே அனுப்பினார்: மனுதாரரும் பதில் எழுத வேண்டியவரும் ஒருவரே என்பதால், வேறு சீட்டுக்கு மாற்ற உத்தரவு வேண்டப்படுகிறது. கோப்பு மாலைக்குள் திரும்பி வந்தது. பிரிவில் ஆறு சீட்டில் மூன்று காலி, மற்ற இரண்டு பேருக்கு வழக்கு வேலை தெரியாது, நேரம் இல்லை, தாங்களே எழுதவும் என்று மேடம் தெளிவாகவே எழுதியிருந்தார்.

கண்காணிப்பாளர் கோப்பைத் தன் கையாலேயே கொண்டுவந்து கொடுத்தார். சாதாரணமாக அப்படிச் செய்ய மாட்டார். எனக்கு இதில் ஒன்றும் தெரியாது அக்கா, சாமி சத்தியம் என்றுவிட்டு நகர்ந்தார்.

அன்று சாயங்காலம் விஷயம் தெரிந்ததும் நாத்தனார் மகளுக்குத் தலை சுற்றியது. அவள் வாடகை வீடு பக்கத்துத் தெருவில்தான். ஸ்கூட்டரை நிறுத்தியதும் நிறுத்தாததுமாக நேரே சமையலறைக்குள் வந்தாள்.

"அத்தை, எனக்கு ஒண்ணு தெளிவாத் தெரியணும். இப்ப நீங்க என் கட்சிக்காரரா, எதிர்த்தரப்பா?"

"காலைல பத்துல இருந்து சாயங்காலம் அஞ்சே முக்கால் வரைக்கும் எதிர்த்தரப்பு. மத்த நேரம் உன் கட்சி."

"ஞாயித்துக்கிழமை?"

"முழு நாளும் உன் கட்சிதான்."

காய் நறுக்கிக்கொண்டிருந்த பத்திவாரியம்மாவின் வீட்டுக்காரர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். பஸ் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவர், எதையும் ரோட்டில் வைத்துப் பார்த்தால்தான் அவருக்குப் புரியும். "ஒரே ஆள் ரெண்டு பஸ்ஸையும் எதிரெதிரா ஓட்டிட்டு வர்றதை இப்பத்தான் பாக்கறேன். மோதினா ரிப்போர்ட் யாரு எழுதுவா?"

"நான்தான்" என்றார் பத்திவாரியம்மா.

மருமகள் முறையான அந்த வக்கீல் பெண் சும்மா விடவில்லை. எல்லாப் பத்திக்கும் 'உண்மை, ஒப்புக்கொள்ளப்படுகிறது' என்று எழுதிவிட்டால் வேலை முடிந்தது, ஏழே வரி, டீ ஆறுவதற்குள் எழுதிவிடலாம் என்று யோசனை சொன்னாள். பத்திவாரியம்மா, எதிர்த்தரப்பு வக்கீல் என்னிடம் அலுவலக விஷயம் பேசக்கூடாது என்று சொல்லிவிட்டு எழுந்து கூடத்துக்குப் போனார். அவள் பின்னாலேயே போனாள். வீட்டுக்காரர் நடுவில் புகுந்து, சமையலறைக்குள் இருந்தால் மனுதாரர், கூடத்தில் இருந்தால் எதிர்மனுதாரர் என்று எல்லை பிரித்துவிட்டார். அதற்கப்புறம் அந்த இரண்டு வாரமும் அந்த வீட்டில் நடந்ததைப் பார்த்தவர்கள் சிரிக்காமல் இருக்க முடியாது. பாதிப் பேச்சில் பத்திவாரியம்மா சட்டென்று வாசற்படியைத் தாண்டி அந்தப் பக்கம் போய்விடுவார். அவள் வாயை மூடிக்கொள்வாள். தண்ணீர் குடிக்க அவர் இந்தப் பக்கம் வந்ததும், விட்ட இடத்திலிருந்து பிடித்துக்கொள்வாள். வீட்டுக்காரர் அந்த நிலைப்படிக்குச் செக்போஸ்ட் என்று பெயர் வைத்தார்.

அலுவலகத்தில் பதில் வளர்ந்தது. ஒப்புக்கொள்ளப்படுகிறது என்று ஏழு வரி எழுதுகிற கை அது இல்லை. இரண்டாம் பத்தியில், மனுதாரர் இன்ன தேதி முற்பகல் பணியில் சேர்ந்தார் என்றிருந்தது. பத்திவாரியம்மா பணிப்பதிவேட்டைப் புரட்டினார். முற்பகல் என்பது தவறு, பிற்பகல், பக்கம் நான்கு. ஐந்தாம் பத்தியில், மனுதாரர் முப்பத்தைந்து வருடமும் ஒரு குறைகூட இல்லாமல் பணியாற்றினார் என்று மருமகள் உணர்ச்சிவசப்பட்டு எழுதியிருந்தாள். அது மறுக்கப்படுகிறது, இருபத்தோராவது வருடத்தில் மூன்று நாள் தாமதமாக வந்திருக்கிறார், பக்கம் அறுபத்தொன்று. அந்த மூன்று நாளும் மகளுக்கு அம்மை போட்டிருந்தது. அதைச் சேர்க்கலாமா என்று பென்சிலைக் கடித்துக்கொண்டு யோசித்தார். விடுப்புக் கடிதத்தில் அந்தக் காரணத்தை அவரே எழுதவில்லை, ஆகவே பக்கம் இல்லை. விட்டுவிட்டார்.

பக்கத்து சீட்காரர் எட்டிப் பார்த்து, இவ்வளவு கறாராக உங்கள்மேல் எந்த விரோதியும் எழுத மாட்டான் என்றார். பத்திவாரியம்மாவுக்கு அது பாராட்டாகத்தான் பட்டது.

ஏழாவது பத்தியில் வண்டி நின்றது. மனுவின் உயிரே அந்தப் பத்திதான். மெமோமேல் விசாரணை ஒன்பது வருடமாக முடியாமல் கிடக்கிறது, அதில் மனுதாரரின் தவறு எள்ளளவும் இல்லை என்றிருந்தது. அலுவலகம் இதை ஒப்புக்கொண்டால் ஏன் என்று கோர்ட் கேட்கும். மறுத்தால் பக்கம் வேண்டும். பத்திவாரியம்மா கோப்பை முதலிலிருந்து புரட்டினார். விசாரணை அதிகாரி நியமனம், பக்கம் எழுபது. தேதி தள்ளிவைப்பு நோட்டீஸ் வரிசையாகப் பதினொன்று. பிறகு அவர் ஒரு நாள் வந்தார், மூன்று கேள்வி கேட்டார், இன்னொரு நாள் வருகிறேன் என்றார், மாறுதலில் போய்விட்டார். இதெல்லாம் நினைவில் இருந்தது. கோப்பின் கடைசித் தாள் மட்டும் நினைவில் இல்லை. பக்கம் நூற்றுப் பதினெட்டு. ஒரு துண்டுச் சீட்டு: இத்துடன் மூடிய உறை ஒன்று அனுப்பப்படுகிறது. ஏழு வருடத்துக்கு முந்தைய தேதி.

பத்திவாரியம்மாவின் கை தானாகவே மேசையின் கீழ் இழுப்பறைக்குப் போனது. போன கை அப்படியே நின்றுவிட்டது.

அந்த உறை அவரிடம்தான் இருந்தது. ஏழு வருடமாக இருந்தது. வந்த கதை இதுதான். ஒழுங்கு நடவடிக்கை சீட்டில் இருந்தவர் மாறுதலில் போனபோது, ஆள் வரும்வரை கூடுதல் பொறுப்பைப் பத்திவாரியம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போனார். அடுத்த வாரமே அந்த சீட்டுக்கு அரக்கு முத்திரையோடு ஓர் உறை வந்தது. மேலே இவருடைய மெமோவின் எண் இருந்தது. தன்னைப் பற்றிய கடிதத்தைத் தானே பிரிக்கலாமா? 'என்னைப் பற்றியது, வேறு சீட்டில் பிரிக்க வேண்டும்' என்று உறைமேல் எழுதி, கையெழுத்துப் போட்டு, அப்போதைய கண்காணிப்பாளருக்கு அனுப்பினார். அந்தக் கண்காணிப்பாளர் 'பார்த்தேன்' என்று எழுதி, உரிய சீட்டுக்கே திருப்பி அனுப்பினார். உரிய சீட்டில் இருந்தவர் பத்திவாரியம்மா. தன் கையெழுத்தையே திரும்பப் பார்த்த அவர், புது ஆள் வந்து பிரிக்கட்டும் என்று உள்ளே வைத்துப் பூட்டினார். புது ஆள் வரவே இல்லை. ஆறு மாதத்துக்கு ஒரு தடவை நிலுவைப் பட்டியல் எழுதும்போதெல்லாம் 'மூடிய உறை 1, பிரிக்க ஆள் இல்லை' என்று மறக்காமல் எழுதினார். ஆறு மாதத்துக்கு ஒரு தடவை அதில் அதிகாரிகள் மறக்காமல் கையெழுத்துப் போட்டார்கள். உள்ளே என்ன இருக்கும் என்று அவர் நினைக்காமல் இல்லை. பதினொரு தள்ளிவைப்பு நோட்டீஸ் வாங்கியவருக்கு, இது பன்னிரண்டாவது என்று தோன்றியது.

இப்போது 'தாங்களே எழுதவும்' என்று மேடத்தின் உத்தரவு கையில் இருந்தது. அப்படியும் தானே பிரிக்க மனம் வரவில்லை. உறையை எடுத்துக்கொண்டு கண்காணிப்பாளர் மேசைக்குப் போனார். "சார், நீங்க பிரிங்க. ரெண்டு பேர் பக்கத்துல நிக்கட்டும்."

கண்காணிப்பாளர் ஸ்கேலை உள்ளே விட்டு உறையைக் கிழித்தார். உள்ளே மூன்று தாள். பத்திவாரியம்மா கை நீட்டி வாங்கினார். படிக்கவில்லை. சிவப்புப் பென்சிலை எடுத்து நூற்றுப் பத்தொன்பது, நூற்றிருபது, நூற்றிருபத்தொன்று என்று எண் போட்டு வட்டம் போட்ட பிறகுதான் கண்ணாடியை ஏற்றிக்கொண்டார்.

விசாரணை அதிகாரி மறுபடி வராவிட்டாலும், அறிக்கையை ஒழுங்காக எழுதி அனுப்பியிருந்தார். மேற்படி பீரோவை ஒரு பெண் ஊழியர் தனியாக அப்புறப்படுத்தியிருக்க முடியும் என்று நம்ப இடமில்லை. மேலும், அன்றே படியிறங்கும்போது மேற்படி பீரோவைத் தரைத்தள அலுவலகத்தில் நேரில் பார்த்தேன், அதில் இவ்வலுவலக எண் வெள்ளைப் பெயிண்டில் உள்ளது, அதன் இடது கதவு சரியாக மூடுவதில்லை என்பதையும் பதிவு செய்கிறேன். குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை.

பத்திவாரியம்மா மூன்றாவது தாளை இரண்டு தடவை படித்தார். பிறகு முதல் தாளுக்குப் போய்த் தேதியைப் பார்த்தார். பிறகு இடது கதவு மூடுவதில்லை என்ற வரியை மறுபடி படித்தார். முதலில் ஒரு விக்கல்போலத்தான் வந்தது. அடக்கப் பார்த்தார். கண்காணிப்பாளர் முகத்தைப் பார்த்ததும் உடைந்துவிட்டது. முப்பத்தைந்து வருடத்தில் பத்திவாரியம்மா வாய்விட்டுச் சிரித்து அந்தப் பிரிவு கேட்டதில்லை. நாற்காலியைப் பிடித்துக்கொண்டு சிரித்தார், கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார், தண்ணீர் அறிக்கைமேல் விழுந்துவிடப் போகிறதென்று தாளைத் தூரமாக நீட்டிப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கண்காணிப்பாளர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு மேசையில் தலை சாய்த்துக் குலுங்கினார். சாட்சிக்கு நின்ற இரண்டு பேரும் சுவரைப் பிடித்துக்கொண்டார்கள். அடுத்த பிரிவிலிருந்து ஓடி வந்தவர்கள் என்ன ஏதென்று தெரியாமலே சேர்ந்து சிரித்தார்கள்.

கடைசியில் பத்திவாரியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஏழாவது பத்திக்குப் பக்கம் கிடைத்துவிட்டது என்றார்.

கண்காணிப்பாளருக்குச் சிரிப்பு நின்றது. மனுதாரரின் தவறு எள்ளளவும் இல்லை என்று மனு சொல்கிறது. அறிக்கை ஏழு வருடம் மனுதாரரின் இழுப்பறையில் இருந்தது என்று எழுதப்போகிறீர்களா என்று கேட்டார். பத்திவாரியம்மா தலையாட்டினார். கண்காணிப்பாளர் குரலைத் தாழ்த்தினார். "அக்கா, யோசிச்சுப் பாருங்க. அறிக்கை வந்துச்சு, நிரூபிக்கலைன்னு மட்டும் எழுதுங்க. உறையை ஏழு வருஷம் வெச்சிருந்தீங்கன்னு எழுதினா, அதுக்கே ஒரு புது மெமோ போடலாம். மெமோ நிலுவைல இருந்தா மறுபடி தள்ளிவைப்பு. அடுத்த மாசம் அப்படியே வீட்டுக்குப் போகணும்."

அது பத்திவாரியம்மாவுக்கும் தெரியும். ஒரு வரியில் பதவி வருகிறது, அடுத்த வரியில் போகிறது. இரண்டாவது வரியை விட்டுவிட்டால் எந்தக் கோர்ட்டும் கண்டுபிடிக்கப் போவதில்லை. அன்று மதியம் சாப்பாட்டு டப்பாவைத் திறந்து, மூடி, மறுபடி திறந்தார். பக்கத்து சீட்காரர் இரண்டு தடவை கூப்பிட்டும் காதில் விழவில்லை. மூன்று மணிக்கு எழுத உட்கார்ந்தார்.

ஏழாவது பத்தி: விசாரணை முடியவில்லை என்பது மறுக்கப்படுகிறது, பக்கம் நூற்றுப் பத்தொன்பது முதல் நூற்றிருபத்தொன்று. குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை என்பது ஒப்புக்கொள்ளப்படுகிறது, மேற்படி பக்கம். தாமதத்தில் மனுதாரருக்குப் பங்கு இல்லை என்பது மறுக்கப்படுகிறது, உறை மனுதாரரின் வசம் ஏழு ஆண்டுகள் பிரிக்கப்படாமல் இருந்தது. உறையையே கட்டில் கோத்து, அதற்கும் எண் போட்டார். பக்கம் நூற்றிருபத்திரண்டு.

வீட்டில் அன்று அவர் சமையலறைப் பக்கமே போகவில்லை. கூடத்திலேயே உட்கார்ந்திருந்தார். மருமகள் செக்போஸ்ட்டுக்கு அந்தப் பக்கம் நின்று, அத்தை தண்ணி குடிக்கலையா என்று நாலு தடவை கேட்டாள். தாகமில்லை என்றார். வீட்டுக்காரர் ஒரு டம்ளர் தண்ணீரைக் கூடத்துக்கே கொண்டுவந்து வைத்துவிட்டு, லோடு கொஞ்சம் அதிகமா ஏத்திட்டியா என்று மட்டும் கேட்டார்.  பத்திவாரியம்மாவின் கை டம்ளரைப் பிடித்துக்கொண்டு அசையாமல் இருந்தது.

மறுநாள் மேடம் கோப்பை மேசையில் வைத்துப் படித்தார். இரண்டு போனையும் கவிழ்த்து வைத்துவிட்டார் என்பதைப் பார்த்ததுமே கண்காணிப்பாளர் கதவுப் பக்கம் ஓரடி நகர்ந்து நின்றார். ஏழாவது பத்தியில் மேடத்தின் பேனா நின்றது.

"இந்தக் கடைசி வரி எதுக்கு? யாரு கேட்டா?"

"யாரும் கேக்கலை மேடம். பக்கம் இருக்கு."

"இதை வெச்சு உங்களுக்கு மெமோ போடணும்னு உங்களுக்குத் தெரியும்ல?"

"தெரியும் மேடம். படிவம் மூணாவது அலமாரில இருக்கு. எடுத்துட்டு வரட்டுமா?"

மேடம் நிமிர்ந்து பார்த்தார். கிண்டல் செய்கிறாரா என்று பார்த்தார். பத்திவாரியம்மா முகத்தில் கிண்டலே இல்லை, நிஜமாகவே எடுத்துவரத் தயாராக ஒரு கால் திரும்பியிருந்தது. மேடம் நிலுவைப் பட்டியல்களைக் கொண்டுவரச் சொன்னார். பதினான்கு பட்டியல் வந்தன. ஒவ்வொன்றாகப் புரட்டினார். மூடிய உறை 1, பிரிக்க ஆள் இல்லை. கீழே கையெழுத்து. மூடிய உறை 1, பிரிக்க ஆள் இல்லை. கீழே கையெழுத்து. ஐந்து இயக்குநர்கள், மூன்று கண்காணிப்பாளர்கள். கடைசிப் பட்டியலில் பச்சை மையில் பெரிதாகச் சுழித்திருந்த கையெழுத்தைப் பார்த்ததும் மேடம் பேனாவைக் கீழே வைத்தார்.

"இது என்னோடது."

கண்காணிப்பாளர் ஜன்னல் பக்கம் பார்த்தார். அதற்கு மேலே இருந்த சின்னச் சுருக்கொப்பம் அவருடையது.

"அப்ப மெமோ போட்டா மொத்தம் ஒன்பது பேருக்குப் போடணும்" என்றார் மேடம். "எனக்கு நானே போட்டுக்கணும். அதுக்குப் பதிலும் நானே எழுதணும். உங்க அளவுக்கு எனக்கு எழுத வராது." சொல்லும்போதே அவருக்கு வாய் துடித்தது. கையால் மறைத்துக்கொண்டார், பயனில்லை. அறைக்கு வெளியே ஸ்டூலில் இருந்த அலுவலக உதவியாளர், மேடம் அழுகிறாரோ என்று பயந்து கதவைத் திறந்துவிட்டார்.

சிரித்து முடித்துத் தண்ணீர் குடித்த பிறகு மேடம் உத்தரவு சொன்னார். கடைசி வரி இருக்கட்டும். அதன் கீழேயே, அதே காலத்தில் பதினான்கு நிலுவைப் பட்டியலில் அதிகாரிகள் இந்த உறையைக் கண்டும் நடவடிக்கை எடுக்கவில்லை என்று சேர்க்க வேண்டும். பக்கம் போட வேண்டும். தன் பட்டியலை முதலில் போட வேண்டும். மெமோ இன்றே கைவிடப்படுகிறது. மேல்மாடிப் பிரிவில் கண்காணிப்பாளர் பதவி ஒன்று காலி, அதற்கு நியமனம் செய்யும் அதிகாரம் மேடத்துக்கே உண்டு. அந்த உத்தரவும் இன்றே, நகல் பதில் மனுவோடு இணைப்பு. எத்தனை வருடம் முன்தேதியிட்டுத் தருவது என்பதை மட்டும் கோர்ட் முடிவு செய்யட்டும்.

பத்திவாரியம்மா நின்றுகொண்டே குறித்துக்கொண்டார். குறித்து முடித்ததும், உத்தரவை எந்த சீட் டைப் செய்வது என்று கேட்டார். தாங்களே என்று மேடம் சொல்ல வாயெடுப்பதற்குள் கண்காணிப்பாளர், நான் செய்கிறேன் மேடம், அவர் தன்னைப் பற்றியதைத் தொட மாட்டார் என்றார். இரண்டு விரலால் தட்டித் தட்டி, ஒரு பக்கத்துக்கு ஒன்றரை மணி நேரம் எடுத்துக்கொண்டார். பத்திவாரியம்மா தூரத்திலிருந்து அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு, எழுந்து போகாமல் இருப்பதற்காக நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

கெடு நாளன்று காலை கோர்ட் வராந்தாவில் ஒரே கூட்டம். அரசு வக்கீல் பதில் மனுவைப் படித்துக்கொண்டே வந்தார். பாதி நடையில் படிக்கிற பழக்கம் உள்ளவர், ஏழாவது பத்தி வந்ததும் ஒரு தூணோரம் நின்றுவிட்டார். இதை யார் எழுதியது என்று கேட்டார். வழக்கு சீட் என்றார் பத்திவாரியம்மா. மனுதாரர் யார் என்றார். அதுவும் வழக்கு சீட்தான். அரசு வக்கீல் மனுவை மூடிவிட்டு நிமிர்ந்தார். "அம்மா, இருபது வருஷமா இந்த வேலைல இருக்கேன். இப்ப நாம ஜெயிக்கறோமா, தோக்கறோமா?"

"அது கோர்ட் சொல்லும் சார். பக்கமெல்லாம் சரியா இருக்கு."

அவர் தோளைக் குலுக்கிக்கொண்டே கையெழுத்துப் போட்டார். எதிர்த்தரப்புக்கு ஒரு பிரதி கொடுக்க வேண்டும், அவர்கள் வக்கீல் வந்திருக்கிறாரா என்று தேடினார். பத்திவாரியம்மா எதிரே இருந்த பெஞ்சைக் காட்டினார்.

பெஞ்சில் மருமகள் கறுப்புக் கோட்டில், மடியில் புத்தகத்தை விரித்துவைத்துக்கொண்டு, இவர்களைத் தெரியாத மாதிரி உட்கார்ந்திருந்தாள். இரண்டு வாரமாக அவளுக்குப் பதிலைப் பற்றி ஒரு வார்த்தை தெரியாது. பக்கத்தில் வீட்டுக்காரர், அவரும் தெரியாத மாதிரியே. பத்திவாரியம்மா கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய் நின்றார். கட்டின் ஓரத்தை ஒரு தட்டுத் தட்டி நேராக்கினார். டேக் முடிச்சைத் தொட்டுப் பார்த்தார். மேலே பதவி உயர்வு உத்தரவின் நகல் இருந்தது.

அவள் வாங்காமலே எட்டிப் படித்தாள். முதல் வரி, இரண்டாவது வரி. புத்தகம் மடியிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது. அத்தை என்று வாய் திறந்தவளை, பத்திவாரியம்மா பார்வையாலேயே நிறுத்தினார். உதட்டோரம் மட்டும் நிற்கவில்லை, அது தன் பாட்டுக்கு விரிந்துகொண்டிருந்தது.

"பிரதி பெற்றுக்கொண்டேன்னு எழுதி, இங்க கையெழுத்துப் போடுங்க வக்கீலம்மா. தேதி போடுங்க. நேரமும் போடுங்க" என்று சொல்லி, இரண்டு கையாலும் கட்டை அவளிடம் கொடுத்தார்.